ஆயுத பூஜைக்கு ஊற்றிய தண்ணீர்

தொழிலை விட்டு ஓய்ந்தவனைக் கூப்பிட்டு அனுபவத்தைச் சொல்லு என்றால், அவன் தான் ஜெயித்த கதையைத்தான் சொல்லுவான். கம்பெனிக்காரனே கைவிட்ட வண்டியை ஓட வைத்தேன், சத்தத்தைக் கேட்டே கோளாறைக் கண்டுபிடித்தேன் என்று அளப்பான். என்னிடமும் அந்த மாதிரிக் கதைகள் பத்து இருக்கின்றன. டீக்கடையில் பார்த்தால் கேளுங்கள், சொல்கிறேன். மெக்கானிக் வேலை கற்றுக்கொள்கிற பிள்ளைகளே, இங்கே உங்களுக்கு எழுதப் போவது நான் தோற்ற ஒரு வண்டியைப் பற்றி. தோற்றது நான், நஷ்டப்பட்டது இன்னொருத்தன். வண்டி மட்டும் இன்றைக்கும் நன்றாக ஓடுகிறது. அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல்.

உத்திரமேரூரில் இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் சொந்தமாக ஒர்க் ஷாப் வைத்திருந்தேன். டிராக்டர், நெல் ஏற்றும் வேன், ஷேர் ஆட்டோ, ஜீப் என்று எது நின்றாலும் என்னிடம்தான் இழுத்து வருவார்கள். "மேஸ்திரி சொன்னா சரி" என்று சுற்று வட்டாரத்தில் ஒரு பேர். இந்தப் பேர் உங்களுக்கும் ஒரு நாள் வரும், அப்போது ஜாக்கிரதையாக இருங்கள். அது வந்த பிறகு உங்களை யாரும் எதிர்த்துக் கேள்வி கேட்க மாட்டார்கள். நீங்கள் வாய்க்கு வந்ததைச் சொன்னாலும் அது தீர்ப்பாகிவிடும்.

திருமுக்கூடல் பக்கத்துக் காலனியில் தேவராஜ் என்று ஒருவன். பெரிய விவசாயி ஒருவரிடம் டிராக்டர் டிரைவராக இருந்தவன். சேற்று வயலில் உழுகிற ரோட்டவேட்டர் கத்தியில் சிக்கி இடது கால் முழங்காலுக்குக் கீழே போய்விட்டது. கட்டைக் கால் போட்டுக்கொண்டு நாலு வருஷம் வீட்டில் கிடந்தான். அவன் பெண்டாட்டி எஸ்தர் நடவுக்கும் களைக்கும் கூலிக்குப் போய்க் குடும்பத்தை ஓட்டினாள். அப்புறம் ஒரு நாள் எங்கேயோ தேடிப் பிடித்து, பழைய ஆட்டோமேட்டிக் கார் ஒன்றை வாங்கிக்கொண்டு வந்து என் வாசலில் நிறுத்தினான். முகமெல்லாம் பல்.

"அண்ணா, இதுல கிளட்ச் கெடையாது. லெஃப்ட் காலுக்கு வேலையே இல்ல. எனக்குன்னே செஞ்சா மாதிரி கீது."

அந்தக் கார் வந்த பிறகு அவன் மறுபடியும் மனுஷனானான். அந்தப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து காஞ்சிபுரத்துக்கு டயாலிசிஸ் போகிற இரண்டு பேரை வாரத்தில் மூன்று நாள் ஏற்றிப் போய் ஏற்றி வருவான். மற்ற நாளில் ஆஸ்பத்திரி, கல்யாணம், கோயில் என்று சவாரி. நொண்டி தேவராஜ் என்று முதுகுக்குப் பின்னால் சொல்லிக்கொண்டிருந்த ஊர், டிரைவரே என்று கூப்பிட ஆரம்பித்தது. எஸ்தர் கூலி வேலையை விட்டுவிட்டாள். அந்த வண்டி நின்றால் அவனும் நிற்பான். இது எனக்கு நன்றாகவே தெரியும்.

எனக்குத் தெரியாதது ஒன்று உண்டு. ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸைப் பற்றி அந்தக் காலத்தில் எனக்கு ஒரு மண்ணும் தெரியாது. அதை அவனிடம் சொன்னேனா? சொல்லவில்லை. "வுடு தேவராஜு, நா பாத்துக்கறேன்" என்றேன். வாயில் அப்படித்தான் வந்தது.

இப்போது என் ஒர்க் ஷாப்பின் ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். ஆயுத பூஜைக்கு என் வாடிக்கை வண்டிகள் எல்லாம் காலையிலேயே வரிசையாக வந்து நிற்கும். கழுவுவோம், சந்தனம் குங்குமம் வைப்போம், சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைப்போம், பூசணிக்காய் உடைப்போம். இதெல்லாம் எல்லா இடத்திலும் செய்வதுதான். நான் கூடுதலாக ஒன்று செய்வேன். ரேடியேட்டரில் இருக்கிற பழைய தண்ணீரைத் திறந்துவிட்டு, என் ஒர்க் ஷாப் போர்வெல்லிலிருந்து புதுத் தண்ணீர் பிடித்து நிரப்பிக் கொடுப்பேன். நானாக ஆரம்பித்த வழக்கம், இலவசம். இன்ஜினுக்கும் பண்டிகை கொண்டாட வேண்டாமா என்று ஒரு பெருமைப் பேச்சு வேறு.

எங்கள் போர் தண்ணீரைப் பற்றி எங்கள் ஊர்ப் பெண்களைக் கேளுங்கள். அதில் பருப்பு வேகாது. குண்டானில் காய்ச்சினால் அடியில் வெள்ளையாகச் சுண்ணாம்பு மாதிரி படியும். டிராக்டர்களின் பழைய பித்தளை ரேடியேட்டர் அதையும் குடித்துவிட்டு ஓடும். முதல் ஆயுத பூஜைக்கு தேவராஜ் வந்து நின்றபோது மூடியைத் திறந்தேன். உள்ளே பச்சையாகக் கூலன்ட் இருந்தது, உப்பும் துருவும் பிடிக்காமல் காக்கிற திரவம்.

"இன்னாடா இது, பாசி புடிச்சா மாரி கீது?" என்று சிரித்தேன்.

"கம்பெனில ஊத்தனது போலண்ணா. இருக்கட்டுமா?"

"அட, நல்ல நாளும் அதுவுமா இத வெச்சிக்கினு இன்னா பண்ணப் போற" என்று நானே திறந்துவிட்டேன். அடுத்த வருஷமும் அப்படியே. இரண்டு முறையும் நல்ல மனசோடுதான் செய்தேன். அதைத்தான் இப்போது நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது.

இரண்டாவது ஆயுத பூஜை முடிந்து ஆறேழு மாதம் இருக்கும். வெயில் ஏறிவிட்டது. தேவராஜ் வந்தான்.

"அண்ணா, எடுக்கும்போது வண்டி உதறுது. கொஞ்ச தூரம் போனா கியர் வுட்டு வுட்டுப் புடிக்குது. பேஜாரா கீதுண்ணா."

பானட்டைத் திறந்தேன். ரேடியேட்டருக்குப் பக்கத்தில் தண்ணீர் டப்பா ஒன்று இருக்குமே, அதில் தண்ணீருக்கு மேல் ரோஸ் மில்க் மாதிரி நுரை மிதந்தது. விரலால் தொட்டுத் தேய்த்துப் பார்த்தேன். எண்ணெய்ப் பிசுக்கு. எனக்குச் சந்தேகமே வரவில்லை. தண்ணீரில் எண்ணெய் என்றால் இன்ஜின் ஹெட்டுக்கு அடியில் இரண்டையும் பிரித்து வைக்கிற தகடு, ஹெட் கேஸ்கெட், போய்விட்டது, அவ்வளவுதான். டிராக்டரில் நூறு முறை பார்த்திருக்கிறேன்.

பிள்ளைகளே, இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். இன்ஜின் ஆயில் என்ன நிறம்? ஓடின ஆயில் கறுப்பு. கேஸ்கெட் போயிருந்தால் நுரை பழுப்பாகவோ கறுப்பாகவோ இருக்க வேண்டும். என் விரலில் இருந்தது ரோஜா நிறம். அந்த வண்டியில் சிவப்பு எண்ணெய் ஓடுகிற பெரிய இடம் கியர்பாக்ஸ்தான். அந்த எண்ணெய் சூடாகாமல் இருக்க, ரேடியேட்டர் டாங்கிக்குள்ளேயே முழங்கை நீளத்துக்கு ஒரு கூலரைக் கம்பெனிக்காரன் வைத்திருக்கிறான். எண்ணெய் அதன் உள்ளே, தண்ணீர் அதைச் சுற்றி, நடுவில் ஒரு மெல்லிய தகடு. தகடு ஓட்டையானால் வண்டி ஓடும்போது எண்ணெய் தண்ணீருக்குள் வரும். வண்டியை நிறுத்திச் சூடு அடங்குகிறபோது தண்ணீர் எண்ணெய்க்குள் போகும். கியர்பாக்ஸில் அளவுக்குச்சி இருந்தது. உருவிப் பார்த்திருந்தால் அதிலும் அதே ரோஸ் மில்க் தெரிந்திருக்கும். இரண்டு நிமிஷ வேலை. நான் உருவவில்லை. எனக்கு அந்தப் பெட்டியைத் தொடவே பயம். பயத்தை மறைக்க, எனக்குத் தெரிந்த இன்ஜினைப் பிரித்துப் போட்டேன்.

ஹெட்டைக் கழற்றினேன். கேஸ்கெட் புதுசு மாதிரி இருந்தது. அப்போதாவது உறைத்திருக்க வேண்டும். "லேசா போயிருக்கும், கண்ணுக்குத் தெரியாது" என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு வேறு கேஸ்கெட் போட்டு மூடினேன். டப்பாவைக் கழுவி மறுபடியும் போர் தண்ணீர் நிரப்பினேன். "முடிஞ்சிது, போ" என்று அனுப்பி வைத்தேன். அவன் என்னைக் கும்பிட்டுவிட்டுப் போனான்.

பத்து நாள்கூட ஆகவில்லை. டயாலிசிஸ் முடித்துத் திரும்புகிறவர்கள் இரண்டு பேரையும் வைத்துக்கொண்டு வரும்போது, பாலாற்றுப் பாலத்துக்கு நடுவில் வண்டி நின்றுவிட்டது. உச்சி வெயில். ஆக்சிலேட்டரை மிதித்தால் இன்ஜின் கத்துகிறது, வண்டி நகரவில்லை. அந்த இரண்டு பேருக்கும் நிற்கக்கூடத் தெம்பில்லை. ஒருவருக்கு மயக்கம் வந்து, பின்னால் வந்த லாரிக்காரர்கள் இறங்கி ஆட்டோ பிடித்து ஏற்றிவிட்டிருக்கிறார்கள். கார் கயிறு கட்டி என் ஒர்க் ஷாப்புக்கு வந்தது. கூடவே அந்த நோயாளிகளில் ஒருவரின் மகனும் வந்தான். கோபத்தில் கொதித்துக்கொண்டிருந்தான்.

"மேஸ்திரி, இப்போதானே நீங்க ரிப்பேர் பண்ணீங்கன்னு தேவராஜு சொன்னான்? இன்னாத்த பண்ணீங்க?"

என் வாசலில் ஏழெட்டுப் பேர் நின்றிருந்தார்கள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். இருபது வருஷத்தில் முதல் தடவையாக ஒருவன் என்னைப் பார்த்து இன்னாத்த பண்ணீங்க என்று கேட்கிறான். எனக்கு ரத்தம் தலைக்கு ஏறிவிட்டது. காருக்குள் எட்டிப் பார்த்தேன். ஸ்டியரிங் பிடித்து உட்கார்ந்திருந்த தேவராஜின் கட்டைக் கால் பிரேக் பெடலுக்குப் பக்கத்தில் கிடந்தது.

"நா பண்ண வேல சரியாத்தான் கீது. இவன் கட்டக்கால் பிரேக் மேலயே கெடக்குது பாரு. ஒரு பக்கம் பிரேக்க அமுக்கிக்கினு, ஒரு பக்கம் ஆக்சிலேட்டர மிதிச்சா, கியர்பாக்ஸ் வேவாம இன்னா பண்ணும்? காலு இல்லாதவன் இந்தத் தொழிலுக்கு வந்தா இப்புடித்தான்."

சொல்லிவிட்டேன். அந்த நிமிஷம் வரை அப்படி ஒரு எண்ணம் எனக்கு வந்ததே இல்லை. வாயிலிருந்து வந்த பிறகு நானே நம்பினேன்.

தேவராஜ் என்னை எதிர்த்துப் பேசவில்லை. எப்படிப் பேசுவான்? அந்தக் காலில் உணர்ச்சி கிடையாது. அது பிரேக் மேல் இருந்ததா இல்லையா என்று அவனுக்கே தெரியாது. காலைக் குனிந்து பார்த்தான். "இருக்குமாண்ணா?" என்று மெதுவாகக் கேட்டான்.

"இருக்குமா இன்னா இருக்குமா, அதான்!" என்றேன்.

ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். அந்த வண்டி ஒரு ரைஸ் மில்காரருடையதாக இருந்திருந்தால் நான் அப்படிப் பேசியிருக்க மாட்டேன். வார்த்தையை மென்று முழுங்கி, காஞ்சிபுரத்துக்கு அனுப்பிப் பார்க்கலாம் சார் என்றிருப்பேன். இவன் காலனிக்காரன், கால் இல்லாதவன். இவன் தலையில் கட்டினால் யாரும் என்னை ஒன்றும் கேட்க மாட்டார்கள் என்று எனக்குள் இருந்த ஒரு நாய்க்குத் தெரிந்திருந்தது.

சவாரி போய்விட்டது. இரண்டு குடும்பமும் வேறு வண்டி பார்த்துக்கொண்டன. ஆனால் தேவராஜ் வண்டியை விற்றது அதற்காக இல்லை. எஸ்தர் ஒர்க் ஷாப்புக்கு வந்து ஓரமாக நின்று சொன்னாள்: "நேத்து முழுக்க அழுதாருண்ணா. கொழந்த யாராச்சும் குறுக்க வந்து, என் காலு எங்க கீதுன்னு எனக்கே தெரியாம போனா இன்னா ஆவும்னு சொல்லிக்கினே கீறாரு. வித்துடுங்கண்ணா. இனிமே அவர வண்டியத் தொட வுட மாட்டேன்."

நான்தான் ஆள் பிடித்து விற்றுக் கொடுத்தேன். விதை, உரம் விற்கிற கடைக்காரர் ஒருவர் ஓடாத வண்டி விலைக்கு வாங்கினார். கியர்பாக்ஸ் வேலை தெரிந்த யாரையாவது பிடித்துச் செய்துகொடு என்றார். கயிறு கட்டி நகர்த்தும்போது ரேடியேட்டரின் மூலை எதிலோ இடித்து ஒழுகிக்கொண்டிருந்தது. சரி, முதலில் அதை அடைப்போம் என்று கழற்றி எடுத்துக்கொண்டு ஓரிக்கைக்குப் போனேன்.

ஓரிக்கை ரோட்டில் ரேடியேட்டர் கடை வைத்திருந்த ஒரு அம்மா. புருஷன் போன பிறகு தானே பற்ற வைப்பாள், தானே தொட்டியில் அமுக்கி ஓட்டை பார்ப்பாள். என் வயசுதான் இருக்கும். எங்களை மாதிரி மெக்கானிக்குகள் அவளை ஓட்டை அடைக்கிற பொம்பளை என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தோம். அவள் ரேடியேட்டரை வாங்கிப் புரட்டிப் பார்த்தாள். அடிப்பக்கத்தில் நீட்டிக்கொண்டிருந்த, எண்ணெய்க் குழாய் மாட்டுகிற இரண்டு மூக்குகளைத் தட்டினாள்.

"ஆட்டோமேட்டிக்கா? கூலர டெஸ்ட் பண்ணியா?"

"அத இன்னாத்துக்கு?" என்றேன்.

அவள் ஒரு மூக்கை ரப்பரால் அடைத்தாள், இன்னொன்றில் காற்றுக் குழாயைச் சொருகினாள். தொட்டித் தண்ணீரில் முக்கிக் காற்றைத் திறந்தாள். ரேடியேட்டர் வாய் வழியாகக் குமிழ் குமிழாகப் பொங்கி வந்தது. அந்தச் சத்தம் இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. அதற்கப்புறம் டாங்கியைப் பிடித்திருந்த தகட்டுக் காதுகளை நெம்பித் திறந்து, கூலரை உருவி என் கையில் வைத்தாள். அது முழுக்க வெள்ளையாகப் பொரிந்து போயிருந்தது. சுண்டு விரல் நகத்தால் கீறினாள், ஓட்டை தெரிந்தது.

"எந்தக் கஸ்மாலம் இதுல உப்புத் தண்ணி ஊத்தனது? நல்லா இருந்த வண்டி. கூலன்ட் ஊத்தியிருந்தா இன்னும் பத்து வருசம் வந்துருக்கும்."

"தெரில" என்றேன்.

அவள் என் முகத்தைப் பார்த்தாள். தெரிந்துகொண்டாள் என்று நினைக்கிறேன். ஆனால் அதைக் கிளறவில்லை, வேலையைச் சொல்லிக் கொடுத்தாள். பழைய கூலரை அடைத்துப் போடாதே, புதுசு வாங்கு. முடிந்தால் ரேடியேட்டருக்கு வெளியே தனியாக மாட்டு. குழாயில் பழைய சேறு ஒரு பொட்டுகூட இருக்கக் கூடாது. எண்ணெயை ஒரு தடவை மாற்றினால் போதாது. நிறம் சுத்தச் சிவப்பாக வருகிற வரைக்கும் ஊற்றி ஓட்டி இறக்கு. "கொஞ்ச தூரந்தான் ஓடியிருந்தா கியர் பொட்டி பொழச்சிக்கும். இல்லன்னா போவும். பாரு."

அவள் சொன்னபடியே செய்தேன். மூன்றாவது முறை இறக்கியபோது எண்ணெய் சுத்தமாக வந்தது. பெட்டி பிழைத்துக்கொண்டது. சாவியைத் திருப்பி லீவரைப் போட்டதும் வண்டி பூனை மாதிரி நகர்ந்தது. எனக்குச் சந்தோஷம் வரவில்லை. சக்கரத்தைக் கழற்றி பிரேக் பேடைப் பார்த்தேன். பிரேக்கை அமுக்கிக்கொண்டே ஓட்டியிருந்தால் பேட் தேய்ந்து தகடாகியிருக்க வேண்டும். தடிமனாக, பாதிக்கு மேல் மிச்சம் இருந்தது. அந்தக் கால் ஒரு தப்பும் செய்யவில்லை. கால் இருக்கிற ஆட்களைவிட நன்றாக ஓட்டியிருக்கிறான் பாவி.

வண்டி கைமாறி ஒரு வாரம்தான் ஆகியிருந்தது. அப்போதே திருமுக்கூடலுக்குப் போய்ச் சொல்லியிருக்கலாம். சொன்னால் கடைக்காரர் வண்டியைத் திருப்பித் தருவாரா, ஊர் என்ன பேசும், ஆயுத பூஜைக்கு வந்து நிற்கிற மற்ற வண்டிக்காரர்கள் என்ன நினைப்பார்கள் என்று யோசித்தேன். நாளைக்குப் போகலாம் என்றேன். அந்த ‘நாளைக்கு’ வர எட்டு வருஷம் ஆனது. போர் தண்ணீர் ஊற்றுவதை மட்டும் சத்தமில்லாமல் நிறுத்தினேன். ஏன் என்று யாருக்கும் சொல்லவில்லை. ஒர்க் ஷாப்பை மூடி, சாவியை இடத்துக்காரரிடம் ஒப்படைத்துவிட்டு வந்த அன்றைக்குப் பெரிய மாலை போட்டார்கள். கழுத்து அரித்தது.

போன வருஷம் ராஜகுளத்தில் ஒரு கல்யாணம். மண்டபத்து வாசலில் காக்கிச் சட்டை போட்டு, விசில் ஊதிக்கொண்டு, கார்களை எங்கே நிறுத்துவது என்று கை காட்டிக்கொண்டிருந்தான் தேவராஜ். என்னைப் பார்த்துச் சிரித்தான். "வாண்ணா, சாப்டியா?" என்றான். நான் பதில் சொல்வதற்குள் அதே கார் உள்ளே வந்தது. உரக்கடைக்காரருக்கு வயசாகிவிட்டது, அவர் மகன் ஓட்டி வந்தான். அவசரமாக இறங்கி, சாவியை தேவராஜிடம் நீட்டினான்.

"கொஞ்சம் அந்தாண்ட தள்ளி நிறுத்துப்பா. ஆட்டோமேட்டிக்தான், ஈஸி."

தேவராஜ் இரண்டு அடி பின்னால் போனான். "இல்ல சார், நா ஓட்றதில்ல. நம்ம காலு சரியில்ல. பிரேக்ல போய் மாட்டிக்கும்."

என் வார்த்தை. எட்டு வருஷத்துக்கு முன்னால் நான் சொன்ன வார்த்தை. அதைத் தன் சொந்த வார்த்தை மாதிரி சொல்லிக்கொண்டிருக்கிறான். அந்தப் பையன் முணுமுணுத்துக்கொண்டே தானே ஏறி நிறுத்தினான். வண்டி சத்தமில்லாமல் நகர்ந்ததை தேவராஜ் பார்த்துக்கொண்டே நின்றான்.

அவனைத் தண்ணீர் டிரம் ஓரமாகக் கூட்டிப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். ஆயுத பூஜைத் தண்ணீர், ரோஸ் நுரை, ஓரிக்கை, பிரேக் பேட், ஒன்றும் விடவில்லை. அவன் என்னை அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அப்போ காலு மேல தப்பு இல்லயாண்ணா?"

"இல்லடா."

"மெய்யாலுமா?"

"சத்தியமா இல்ல. தப்பு என்னுது."

உள்ளே நாதஸ்வரம் வேகமெடுத்தது. இன்னொரு கார் வந்து ஹாரன் அடித்தது. அவன் திரும்பிப் பார்க்கவில்லை. "இத நீ வூட்டாண்ட வந்து சொல்லுண்ணா. எஸ்தரு கிட்ட சொல்லு. நா சொன்னா நம்ப மாட்டா. நீ சொன்னா நம்புவா" என்றான்.

அதைக் கேட்டதும் எனக்கு அவமானமாக இருந்தது. இன்னமும் நான் சொன்னால்தான் சரி.

பிள்ளைகளே, புதுசாக எது வந்தாலும் கற்றுக்கொள்ளுங்கள், கோளாறைக் காட்டுகிற ஸ்கேனர் வாங்குங்கள், எல்லாம் நல்லதுதான். என்னிடமிருந்து எடுத்துக்கொள்ள ஒன்று இருக்கிறது. கோளாறு எங்கே என்று தெரியாவிட்டால் தெரியாது என்று சொல்லுங்கள். எதிரில் நிற்கிறவன் திருப்பிக் கேட்க முடியாதவனாக இருந்தால், அதை இன்னும் சத்தமாகச் சொல்லுங்கள். நான் சொல்லாமல் விட்ட அந்த ஒரு வார்த்தைக்கு அவன் எட்டு வருஷம் கொடுத்தான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை திருமுக்கூடலுக்குப் போனேன். எஸ்தர் அப்போதுதான் களை வெட்டிவிட்டு வந்திருந்தாள். கால் நிறையச் சேறு. நான் ஆரம்பத்திலிருந்து சொன்னேன். தேவராஜ் நாற்காலியில் உட்கார்ந்து, தன் இடது காலைத் தூக்கித் தூக்கித் தரையில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். நான் முடித்த பிறகு எஸ்தர் செம்பில் தண்ணீர் எடுத்து வந்து எனக்குக் குடிக்கக் கொடுத்தாள். குடிக்கிற வரைக்கும் நின்றிருந்தாள். செம்பைத் திரும்ப வாங்கிக்கொண்டு கேட்டாள்:

"சரிண்ணா, சொல்லிட்டீங்க. இப்ப இவரு ஓட்றதுக்கு வண்டி கீதா?"